தெருவில் பேதி பரவினால் முதலில் ஒரு நோட்டை எடுங்கள்

ஆடி மாதம், செவ்வாய்க்கிழமை காலை. பக்கத்து வீட்டு அக்கா வாசலில் நின்று, "ஓ.ஆர்.எஸ் பாக்கெட் இருக்குங்களா? பையனுக்கு ராத்திரியிலிருந்து நிக்கவே மாட்டேங்குது" என்று கேட்டார். அந்த உப்பு-சர்க்கரைப் பொடி இருந்தது, கொடுத்தேன். ஒரு மணி நேரத்தில் மூன்றாவது வீட்டு ஆயாவுக்கும் அதே கதை. பால் வாங்கப் போன இடத்தில் இன்னொருவர் வயிற்றைப் பிடித்துக்கொண்டு நிற்கிறார். அப்போதுதான் உறைத்தது. இது யாரோ ஒருத்தர் ராத்திரி தின்ற புரோட்டா சமாச்சாரம் இல்லை.

எங்களுடையது சேலம் அம்மாப்பேட்டைப் பக்கம் ஒரு குறுகலான தறித் தெரு. 42 வீடு. நான் ஒரு நெசவாளர் கூட்டுறவுச் சங்கத்தில் 26 வருஷம் கணக்கு எழுதியவள். டாக்டரும் இல்லை, நர்ஸும் இல்லை. அந்தப் பத்து நாளில் நாங்கள் செய்ததில் எது கைகொடுத்தது, எது வீண் வேலை என்று எழுதி வைக்கிறேன். உங்கள் தெருவுக்கு வந்தால் (வர வேண்டாம்) எடுத்துப் பார்த்துக்கொள்ளலாம்.

நோட்டு

மருந்துக்கு ஓடுவதற்கு முன்னால் நோட்டா என்று கேட்பீர்கள். ஒருத்தர் மருந்துக்கு ஓடட்டும், ஒருத்தர் எழுதட்டும். இரண்டும் ஒரே நேரத்தில் நடக்க வேண்டும்.

பழைய கூலி நோட்டு ஒன்றில் பின்பக்கமாக ஆரம்பித்தேன். வீட்டு எண், வயது, எந்த நாள் எத்தனை மணிக்கு ஆரம்பித்தது, எத்தனை முறை போனது, வாந்தி உண்டா, ரத்தம் கலந்ததா. அப்புறம் இரண்டு கட்டம் பெரிதாக விடுங்கள்: குடித்த தண்ணீர் எது, முந்தின இரண்டு நாள் வெளியில் என்ன சாப்பிட்டார்கள். பேர் எழுத வேண்டியதில்லை. பேர் எழுதினால் பாதிப் பேர் வாயைத் திறக்க மாட்டார்கள்.

செவ்வாய் சாயங்காலத்துக்குள் தெருவே தீர்ப்புச் சொல்லிவிட்டது. முக்கில் தள்ளுவண்டி வைத்திருக்கும் தட்டுவடை செட் கடைக்காரர்தான் காரணமாம். பச்சைக் கேரட், பீட்ரூட் துருவல், சட்னி எல்லாம் திறந்து கிடக்கிறதே, அதுவாகத்தான் இருக்கும் என்று நானும் நினைத்தேன். புதன் மதியம் நோட்டில் 11 பேர், 8 வீடு. அதில் தட்டுவடை சாப்பிட்டவர்கள் 4 பேர்தான். மற்றவர்களில் ஒன்று ஒன்றரை வயதுக் குழந்தை. அது எங்கே தட்டுவடை தின்றது?

தண்ணீர்க் கட்டத்தைப் பார்த்தால் வேறு மாதிரி இருந்தது. 11 பேரில் 10 பேர் தெற்கு வரிசை. எல்லோரும் ஞாயிறு காலை வந்த குழாய்த் தண்ணீரைக் குடித்தவர்கள். கேன் வாங்குகிற வீடுகளில் யாருக்கும் ஒன்றும் இல்லை. ஒரே ஒரு பெண் மட்டும் வடக்கு வரிசை, வீட்டில் கேன் தண்ணீர். கணக்கு உதைக்கிறதே என்று திரும்பப் போய்க் கேட்டேன். "நான் பகல் பூரா தெற்கு வரிசைத் தறியிலதானே அக்கா இருக்கேன், அங்க இருக்கற பானையிலதான் குடிப்பேன்" என்றாள்.

அந்த ஒரு பதிலோடு எனக்குச் சந்தேகம் போய்விட்டது. உங்கள் நோட்டிலும் இப்படி ஒன்றிரண்டு பேர் கணக்கில் உதைப்பார்கள். அவர்களிடம்தான் மறுபடி போய்க் கேட்க வேண்டும்.

யாருக்குச் சொல்வது, எப்படிச் சொல்வது

ஒரே நாளில் இரண்டு மூன்று வீட்டில் பேதி என்றாலே சொல்லிவிடுங்கள். பத்து ஆகட்டும் என்று காத்திருக்க வேண்டாம். உங்கள் பகுதி நகர்ப்புற ஆரம்ப சுகாதார நிலையம், வார்டு சுகாதார ஆய்வாளர், கவுன்சிலர், யார் முதலில் கிடைக்கிறாரோ அவர். எந்த நம்பரும் கையில் இல்லையென்றால் 104-க்கு அடியுங்கள், அரசு சுகாதார உதவி எண்.

"தெருவுல எல்லாருக்கும் பேதிங்க" என்று சொன்னால் எதிர்முனையில் "சரிம்மா, பார்க்கிறோம்" என்றுதான் வரும். நான் நோட்டைப் பார்த்து வாசித்தேன்: "திங்கள் ராத்திரியிலிருந்து புதன் மதியம் வரை 11 பேர், 8 வீடு. 5 வயதுக்குக் கீழே 3 குழந்தை. எல்லாரும் குடிச்சது தெற்கு வரிசைக் குழாய்த் தண்ணி. அடுத்த தண்ணீர் நாளைக்குக் காலையில் வருது." கடைசி வரிதான் ஆளை எழுப்பியது என்று நினைக்கிறேன். சாயங்காலமே வந்துவிட்டார்கள்.

அவர்கள் வருவதற்குள் ஒரு வேலை. ஞாயிறு பிடித்த தண்ணீரை எல்லா வீட்டிலும் பயத்தில் கொட்டிவிடுவார்கள். ஒரு குடம் மட்டும் மூடி, மேலே "குடிக்காதே" என்று சாக்பீஸில் எழுதி, எட்டாத இடத்தில் வையுங்கள். சோதனைக்கு அதுதான் வேண்டும். எங்களிடம் அதிலிருந்து ஒரு சின்னச் சோதனைப் பாட்டிலில் எடுத்து வைத்தார்கள். தண்ணீரில் மலக்கிருமி இருந்தால் அந்தப் பாட்டில் ஒன்றிரண்டு நாளில் கறுத்துவிடும். எங்களுடையது மறுநாளே அட்டைக்கரி.

பேதி போகிறவர்களின் மோஷனையும் இரண்டு மூன்று பேரிடம் சோதனைக்கு எடுப்பார்கள். அதற்கு முன்னால் யாரும் மெடிக்கலில் ஆன்டிபயாடிக் வாங்கி முழுங்காமல் பார்த்துக்கொள்ளுங்கள். முழுங்கிவிட்டால் கிருமி சோதனையில் பிடிபடாமல் போகலாம். முடிவு வரும்வரை "காலரா" என்ற வார்த்தையை யாரும் வாட்ஸப்பில் போட வேண்டாம் என்றும் சொல்லிவைத்தேன். சொன்னபடி கேட்டார்கள் என்று சொல்ல முடியாது.

உப்பும் சர்க்கரையும்

பேதியில் ஆளைக் கொல்வது பெரும்பாலும் தண்ணீர் வற்றிப்போவதுதான். போனதைப் போன வேகத்தில் உள்ளே திருப்பிக் கொடுத்துக்கொண்டே இருக்க வேண்டும். இதை நான் இருபது வீட்டில் சொல்லியிருப்பேன். எல்லா வீட்டிலும் வந்த பதில் ஒன்றுதான்: "குளுக்கோஸ் ஏத்தினாத்தான் சரியாகும்."

மூன்றாவது வீட்டு ஆயாவும் அதைத்தான் பிடிவாதமாகச் சொன்னார். ஓ.ஆர்.எஸ் கலக்கி டம்ளரில் கொடுத்தால் மடக்கென்று குடிப்பார், உடனே வாந்தி. "பாத்தியா, இது தங்காது, ஊசி போடச் சொல்லு." நான் பாயில் உட்கார்ந்து ஒரு கதை சொன்னேன். 1971-இல் பங்களாதேஷ் போர் நேரம், எல்லையை ஒட்டிய மேற்கு வங்க அகதிகள் முகாமில் காலரா. ஏற்றுவதற்கு பாட்டில் தீர்ந்துபோய்விட்டது. திலீப் மகலனபிஸ் என்கிற டாக்டர் உப்பு, குளுக்கோஸ், சமையல் சோடா மூன்றையும் கலந்து டிரம்மில் ஊற்றிவைத்து, நோயாளிகளின் சொந்தக்காரர்களையே டம்ளரில் மொண்டு கொடுக்கச் சொன்னார். நூற்றுக்கு முப்பது பேர் செத்துக்கொண்டிருந்த இடத்தில் அது நாலு பேருக்கும் கீழே வந்தது. ஆயா கதையைக் கேட்டுக்கொண்டே வாயைத் திறந்தார். வாந்திக்குப் பிறகு பத்து நிமிஷம் விட்டு, நிமிஷத்துக்கு ஒரு ஸ்பூன், அவ்வளவுதான். நாற்பது ஸ்பூன் போன பிறகு, "கொஞ்சம் எலுமிச்சங்காய் புழிஞ்சிருக்கலாம்" என்றார். தங்கிவிட்டது என்று அர்த்தம்.

கலக்குவதில்தான் தப்பு நடக்கிறது. பெரிய ஓ.ஆர்.எஸ் பாக்கெட் 1 லிட்டருக்கானது. அதை முழுசாக 1 லிட்டரில் போட வேண்டும். "கொஞ்சமா இப்போ, மீதி அப்புறம்" என்று டம்ளரில் பாதிப் பாக்கெட்டைக் கொட்டினால் உப்பு ஏறி, குழந்தைக்கு ஆபத்து. அளவுக்குக் கடையில் வாங்கின காலி 1 லிட்டர் தண்ணீர் பாட்டிலை வையுங்கள். சொம்பு வீட்டுக்கு வீடு வேறு. கொதிக்க வைத்து ஆறின தண்ணீரில் கலக்கி, 24 மணி நேரத்தில் மீந்ததைக் கொட்டிவிட்டுப் புதிதாகக் கலக்குங்கள். பாக்கெட் இல்லாத ராத்திரிக்கு 1 லிட்டரில் தலை தட்டின 6 டீஸ்பூன் சர்க்கரை, தலை தட்டின அரை டீஸ்பூன் உப்பு. வாயில் வைத்துப் பாருங்கள், கண்ணீரைவிட உப்புக் கரித்தால் கொட்டிவிடுங்கள்.

ஒவ்வொரு முறை போன பிறகும் 2 வயதுக்குக் கீழே 50 முதல் 100 மில்லி, 2 முதல் 10 வயதுக்கு 100 முதல் 200 மில்லி, பெரியவர்களுக்குக் குடிக்கிற வரை. தாய்ப்பாலை நிறுத்தாதீர்கள். சாப்பாட்டையும் நிறுத்தாதீர்கள், நொய்க்கஞ்சி, இட்லி, குழைந்த சாதம் எல்லாம் கொடுக்கலாம். 6 மாதத்துக்கு மேற்பட்ட குழந்தைக்கு ஜிங்க் மாத்திரை தினம் 20 மில்லிகிராம், 14 நாள் கொடுக்கச் சொல்வார்கள். மூன்றாம் நாள் பேதி நின்றதும் அதை மறந்துவிடுகிற வீடுதான் அதிகம். நினைவுபடுத்துங்கள். கடையில் டப்பாவில் வருகிற இனிப்பு ஜூஸை ஓ.ஆர்.எஸ் என்று நம்பி வாங்க வேண்டாம். அப்படிப்பட்ட பானங்களில் அந்தப் பெயரைப் போடக்கூடாது என்று 2025 அக்டோபரில் உணவுப் பாதுகாப்பு ஆணையமே உத்தரவு போட்டது. பழைய சரக்கு எங்கேயாவது கிடக்கும். உலக சுகாதார நிறுவனத்தின் அளவுப்படி என்று போட்டிருக்கிற பொடிதான் வேண்டும். சுகாதார நிலையத்தில் சும்மாவே கொடுக்கிறார்கள்.

பேதியை நிறுத்துகிற மாத்திரையைக் குழந்தைகளுக்கு நீங்களாகக் கொடுக்காதீர்கள்.

எப்போது 108? கண் உள்ளே போய்விட்டால், அழுதால் கண்ணீர் வரவில்லையென்றால், ஆறு மணி நேரமாக ஒண்ணுக்குப் போகவில்லையென்றால், வயிற்றுத் தோலைக் கிள்ளி விட்டால் மெதுவாகத்தான் படிகிறதென்றால், ஆள் சொக்கிச் சொக்கி விழுந்தால், குடிக்கவே முடியவில்லையென்றால், அரிசி கழுவின தண்ணீர் மாதிரி ஓயாமல் போனால், ரத்தம் கலந்தால். இதில் ஒன்று இருந்தாலும் ஸ்பூனோடு உட்காராதீர்கள். எங்கள் தெருவில் மொத்தம் 27 பேருக்கு வந்தது. 5 பேர் ஜி.எச்-இல் படுத்தார்கள். எல்லோரும் திரும்பி வந்தார்கள். போகிற வழியெல்லாம் ஸ்பூனில் கொடுத்துக்கொண்டே போகலாம்.

மறைக்கிறவர்கள்

எங்கள் மாதிரி தறித் தெருவில் ஆடியில் பேதி வந்தால் இன்னொரு சிக்கல். ஆவணி முகூர்த்தச் சேலைகள் தறியில் இருக்கும். தறியை விட்டு எழுந்தால் கூலி போச்சு. ஒரு அண்ணன் இரண்டு நாள் யாரிடமும் சொல்லாமல் குழித்தறியில் காலைத் தொங்கவிட்டபடி நெய்திருக்கிறார். புதன் ராத்திரி ஏறி வரும்போது கால் மடங்கி விழுந்தார்.

இதற்கு அறிவுரை சொல்லிப் பிரயோசனம் இல்லை. சேலை நெய்யக் கொடுக்கிற முதலாளியிடம் போய்ப் பேசினோம். நான் கணக்கு வழியில் பேசினேன்: "ஒரு தறி நின்னா ஒரு சேலை தள்ளிப்போகும். சொல்லாம நெய்ஞ்சு எல்லாரும் படுத்தா இருபது தறி நிக்கும், எது சௌகரியம்?" பத்து நாள் தவணை தள்ளி வைத்தார். அந்தச் செய்தி தெருவுக்கு வந்த ராத்திரியே நோட்டில் 6 பேர் புதிதாக ஏறினார்கள். எல்லாம் ஏற்கனவே வந்து மறைத்ததுதான்.

சொல்ல வேண்டியதை வீட்டில் பேசுகிற பேச்சில் சொல்லுங்கள். எங்கள் பக்கம் தமிழோடு தெலுங்கு, கன்னடம், சௌராஷ்டிரம் பேசுகிற வீடுகள் உண்டு. அந்தந்த வீட்டுப் பெண்களையே வாட்ஸப்பில் பேசிப் போடச் சொன்னோம். நோட்டீஸை யாரும் படிக்கவில்லை, பக்கத்து வீட்டு அக்கா பேசினதை எல்லோரும் கேட்டார்கள்.

தண்ணீர்

குடிக்கிற தண்ணீர் தளதளவென்று ஒரு நிமிஷம் கொதித்தால் போதும். இருபது நிமிஷம் கொதிக்க வைத்து சிலிண்டரைத் தீர்த்துவிட்டு மூன்றாம் நாள் விட்டுவிடுவதைவிட இது மேல். கொதித்ததை வேறு பாத்திரத்துக்கு மாற்றாமல் அதிலேயே மூடி வையுங்கள். காம்பு நீண்ட கரண்டியால் மொள்ளுங்கள், கைவிரல் உள்ளே போகக் கூடாது. கொதிக்க வைத்த தண்ணீரை நாலு பேர் விரலை நனைத்துக் குடித்தால் பேதி நிற்காது.

தொட்டிக்குக் குளோரின். 1000 லிட்டருக்குப் புது பிளீச்சிங் பவுடர் 4 கிராம். இந்த 4 கிராமை எப்படி அளப்பது? எங்கள் தெருவில் ஒரு தம்பி வெள்ளிக் கொலுசுப் பட்டறையில் வேலை. அவன் தராசு கொண்டுவந்தான். கொலுசு முத்து நிறுக்கிற தராசில் காகிதத்தை விரித்து, மூக்கைப் பொத்திக்கொண்டு, நாலு நாலு கிராமாக நிறுத்துப் பொட்டலம் கட்டினான். "முதலாளிக்குத் தெரிஞ்சா வெள்ளி கறுத்துடும்னு கத்துவாருக்கா." ஒரு மணி நேரத்தில் எல்லாத் தொட்டிக்கும் பொட்டலம் தயார். பொடியை அப்படியே தொட்டியில் கொட்டாதீர்கள். ஒரு வாளியில் கொஞ்சம் தண்ணீர் விட்டுக் குழைத்து, கரைத்து, சுண்ணாம்பு அடியில் படிந்த பிறகு மேலே தெளிந்ததை மட்டும் ஊற்றுங்கள். அரை மணி நேரம் கழித்துத்தான் புழங்க வேண்டும். ஆய்வாளரிடம் குளோரின் பார்க்கிற பெட்டி இருக்கும். சொட்டு மருந்து விட்டால் தண்ணீர் மஞ்சளாகும், இந்த மாதிரி நேரத்தில் 0.5 காட்டினால் சரி. தண்ணீர் கலங்கலாக இருந்தால் குளோரின் வீண். பிளீச்சிங் பவுடர் டப்பா ஒரு மாதம் திறந்து கிடந்திருந்தால் அது வெறும் சுண்ணாம்பு என்றே வைத்துக்கொள்ளுங்கள்.

சாக்கடை ஓரமாகக் கோலம் போட்ட மாதிரி வெள்ளைக் கோடு இழுப்பார்கள், பார்த்திருப்பீர்கள். பார்க்க ஆறுதலாக இருக்கும், அவ்வளவுதான். அந்த மூட்டையைத் தொட்டிகளுக்குக் கேட்டு வாங்குங்கள்.

கை கழுவ சோப்பு. கக்கூஸ் போய் வந்ததும், குழந்தைக்குக் கழுவிவிட்டதும், சமைக்கும் முன்னும். நோயாளியின் துணியைத் தெருக்குழாயடியில் அலசவே கூடாது.

கூழ்

அந்த ஞாயிறு எங்கள் தெரு மாரியம்மன் கோயிலில் கூழ் ஊற்றுகிற நாள். முந்தின நாள் காய்ச்சி, ஆறவைத்து, பச்சைத் தண்ணீரும் மோரும் விட்டுக் கரைத்து, நானூறு பேருக்கு. பேதி பரவ இதைவிடத் தோதான ஏற்பாடு கிடையாது. போதாததற்கு வண்டி வேடிக்கை (ஆடித் திருவிழா அலங்கார வண்டி ஊர்வலம்) பார்க்க வெளியூர்ச் சொந்தங்கள் வேறு வருவார்கள்.

"கூழை நிறுத்துங்க" என்று மட்டும் போய்ச் சொல்லாதீர்கள், பேச்சு அங்கேயே முறிந்துவிடும். கோயில் பெரியவர், "ஆடியில கூழ் ஊத்தலைன்னா ஆத்தா இதைவிடப் பெருசா காட்டுவாம்மா" என்றார். நான், "ஆத்தாளுக்குக் கூழ் படைச்சிடலாங்க பெரியப்பா, கொதிச்ச தண்ணியில கரைச்சு ஒரு சட்டி. சனங்களுக்கு மட்டும் சூடா பொங்கல் குடுப்போம்" என்றேன். கொஞ்ச நேரம் துண்டை உதறி உதறித் தோளில் போட்டார். "கேழ்வரகு ஒரு மூட்டை வாங்கியாச்சே" என்றார். உண்மையான கவலை அதுதான். அந்த மூட்டையை எங்கள் சங்கத்துக்காரர் ஒருவர் பாதி விலைக்கு எடுத்துக்கொண்டார். அடுப்பிலிருந்து இறக்கி நேராகத் தொன்னையில், பொங்கல். சொந்தக்காரர்களுக்கு முன்கூட்டியே போன் போட்டு இந்த வருஷம் வர வேண்டாம் என்று சொன்னதில் இரண்டு வீட்டில் மனஸ்தாபம். அது தீபாவளிக்குள் சரியாகிவிட்டது.

தட்டுவடைக்காரருக்கு நாலு நாள் வியாபாரமே இல்லை. நோட்டைக் காட்டி, காரணம் அவர் இல்லை என்று கோயில் வாசலிலேயே சொன்னேன். முதல் நாள் நானும் அவரைத்தான் நினைத்தேன் என்பதையும் அவரிடம் சொல்லிவிட்டேன். அதற்காகப் பச்சைத் துருவலை அந்த வாரம் யாரும் தின்னலாம் என்று ஆகாது. துருவலும் சட்னியும் இல்லாமல் சூடாக போண்டா போட்டார்.

மோட்டார்

வியாழக்கிழமை தோண்டிப் பார்த்தார்கள். தெற்கு வரிசைக் குழாய் சாக்கடைக்கு அடியில் போகிற இடத்தில் விரிசல். எங்களுக்கு நாலு நாளைக்கு ஒரு முறைதான் தண்ணீர். இடையில் குழாய் காலியாகக் கிடக்கும், சாக்கடை விரிசல் வழியாக ஊறி இறங்கும். தண்ணீர் விட்டதும் அவரவர் மோட்டாரைப் போட்டு உறிஞ்சுவார்கள். உறிஞ்சுகிற உறிஞ்சில் சாக்கடையும் சேர்ந்து வரும். தெற்கு வரிசையில் 9 மோட்டார். அதில் ஒன்று என்னுடையது, அரை எச்.பி., ஏழு வருஷமாக.

எல்லார் வீட்டுக்கும் நோட்டோடு போய்த் தண்ணீரைப் பற்றிக் கேட்ட நான் இதை மட்டும் அந்த நோட்டில் எழுதவில்லை. வெள்ளிக்கிழமை கோயில் படிக்கட்டில் கூடினபோது முதலில் என் மோட்டாரைக் கழற்றிக் கொண்டுபோய் வைத்தேன். சாயங்காலத்துக்குள் 7 வந்தன. மீதி இரண்டுக்கு இன்னும் பேசிக்கொண்டிருக்கிறோம்.

பேதி நின்றதும் நோட்டை மூடிவிடாதீர்கள். சாக்கடை கலந்த தண்ணீரில் டைபாய்டும் மஞ்சள் காமாலையும் வரும். டைபாய்டு ஒன்றிலிருந்து மூன்று வாரத்தில், காமாலை இரண்டிலிருந்து ஆறேழு வாரத்தில் தலைகாட்டும். விடாத காய்ச்சல், மஞ்சள் கண், கலர் மாறின சிறுநீர் என்று யாராவது சொன்னால் எழுதுங்கள், டாக்டரிடம் அனுப்புங்கள். கர்ப்பிணிக்குக் காமாலை என்றால் ஒரு நாள்கூடத் தள்ள வேண்டாம். எங்களுக்கு ஐந்தாவது வாரம் ஒரு காலேஜ் பையனுக்குக் கண் மஞ்சளித்தது. கீழாநெல்லி அரைக்க ஆரம்பித்துவிட்டார்கள். ரத்தம் பார்த்துவிட்டு வந்து அரையுங்கள் என்று அனுப்பி வைத்தேன்.

குழாயை மாற்றிவிட்டார்கள். இப்போது தண்ணீர் வந்ததும் முதல் பத்து நிமிஷத்தை யாரும் பிடிப்பதில்லை, செடிக்கும் வாசலுக்கும் போகிறது. மோட்டார் இல்லாமல் என் வீட்டில் ஒரு குடம் நிறைய ஆறு நிமிஷம் ஆகிறது. குடத்தை வைத்துவிட்டு வாசலில் உட்கார்ந்துகொள்கிறேன். பக்கத்து வீட்டு அக்காவும் அவர் குடத்தோடு உட்கார்ந்திருக்கிறார்.